இரண்டாம் சீட்டுக்காரர்

இரண்டாம் சீட்டுக்காரர் என்றொரு இனம் இருக்கிறது. அதைப் பார்க்கக் காடு மலை ஏற வேண்டாம். ஜனவரி முதல் தேதி காலையில், மார்த்தாண்டத்துக்கும் களியக்காவிளைக்கும் நடுவே ஏதாவது ஒரு சபையில், ஆராதனை முடிகிற நேரத்துக்குப் போய் நின்றால் போதும். அங்கே இரண்டு தாம்பாளங்கள் வைத்திருப்பார்கள், ஆண்களுக்கு ஒன்று, பெண்களுக்கு ஒன்று. தீப்பெட்டி அகலத்தில் சீட்டுகள் அவற்றில் குப்புறக் கிடக்கும். ஒவ்வொன்றிலும் ஒரு வசனம். வரிசையில் வந்து, ஒரு நிமிடம் ஜெபித்து, ஒன்றை எடுக்க வேண்டும். எடுத்தது உங்கள் வாக்குத்தத்தம். அந்த வருஷம் கடவுள் உங்களிடம் சொல்ல நினைப்பது அதுதான் என்பது நம்பிக்கை. வெளிநாட்டில் வேலை பார்க்கும் வீட்டாருக்கும் ஆளுக்கொன்று எடுத்து, சபை வாசலைத் தாண்டுமுன் வாட்ஸ்அப்பில் படம் அனுப்பிவிடுவார்கள்.

பெரும்பாலானவர்கள் எடுப்பார்கள், படிப்பார்கள், பையில் வைப்பார்கள். அவர்களைப் பற்றி எழுத எனக்கு ஒன்றுமில்லை.

நம் ஆள் எடுப்பார், படிப்பார். வசனம் பொறுமையைப் பற்றியோ சோதனையைப் பற்றியோ இருந்துவிட்டால் அவர் முகம் லேசாகச் சுருங்கும். பிறகு சீட்டைக் கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் பிடித்துத் தேய்ப்பார். "ரெண்டு ஒட்டிப் பிடிச்சிருக்கு, கேட்டியா," என்று பின்னால் நிற்பவரிடம் சொல்வார். ஒட்டியிருக்காது. என்றாலும் சீட்டு தட்டுக்குத் திரும்பிப் போகும், கை இன்னொன்றை எடுக்கும். அதில் ஆசீர்வாதம் இருந்தால் அது கடவுளின் சித்தம். இல்லாவிட்டால்? மூன்றாவதும் ஒட்டிப் பிடித்திருக்கக்கூடும்.

இவரை நம்பிக்கையில்லாதவர் என்று நினைத்துவிடாதீர்கள். நம்பாதவனுக்குச் சீட்டு வெறும் காகிதம், எது வந்தாலும் ஒன்றுதான். முழுக்க நம்புகிறவனுக்கும் எது வந்தாலும் ஒன்றுதான். இரண்டாம் சீட்டுக்காரரின் கஷ்டம் வேறு. மேலே ஒருவர் எல்லாவற்றையும் தீர்மானித்துவைத்திருக்கிறார் என்று உறுதியாக நம்புகிறார். அதே சமயம், அவருக்கு வேலை அதிகம், சின்ன விஷயங்களில் கவனம் பிசகலாம், பக்கத்தில் விவரமறிந்த ஆள் ஒருவர் நின்று எடுத்துக்கொடுத்தால் நல்லது என்றும் நம்புகிறார். அந்த விவரமறிந்த ஆள் யார் என்று சொல்ல வேண்டியதில்லை.

மற்ற நாட்களிலும் இவரை அடையாளம் காணலாம். முக்கியமான காரியத்துக்குப் போகும்போது வந்து நிற்கிற முதல் பேருந்தில் ஏறமாட்டார், அதன் எண்ணைக் கூட்டினால் எட்டு வருகிறது, தனக்கு அதிலெல்லாம் நம்பிக்கை கிடையாது, ஆனாலும் எதற்கு வம்பு; ஜவுளிக்கடைக் குலுக்கலில் கூப்பனைப் போடும்போது, குலுக்குகிறவரின் விரலில் தட்டுப்படட்டும் என்று அதை நாலாய் மடித்துத் தடிப்பாக்கிப் போடுவார்; களியக்காவிளைக்குக் காய்கறி வாங்கப் போனவர் மாநில எல்லையைத் தாண்டி அந்தப் பக்கம் கொஞ்சம் நடப்பார், நடந்த இடத்தில் தற்செயலாக ஒரு லாட்டரிக் கடை இருக்கும், கடைக்காரர் டிக்கெட்டுகளை விசிறிபோல் விரித்துக் காட்டுவார், இவர் ஒன்றை உருவி, எண்ணைப் பார்த்து, திரும்பச் செருகி, "கீழ உள்ளத எடு," என்பார். விழுந்ததா? அவர் திரும்பச் செருகியது ஒருமுறை விழுந்தது. அதைப் பற்றி அவர் பேசுவதில்லை.

பொதுவாகச் சொன்னால் நம்பமாட்டீர்கள். ஆகவே ஜெபமணியைச் சொல்கிறேன்.

சிதறாலுக்குப் போகிற சாலையில் வீடு. அரசுப் போக்குவரத்துக் கழகத்தில் முப்பத்தொரு வருஷம் நேரக் காப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவர். எந்தப் பேருந்து எப்போது புறப்பட வேண்டும் என்று முப்பத்தொரு வருஷம் சொன்ன ஒருவருக்கு, காலம் தன் சொல்லைக் கேட்கும் என்ற எண்ணம் வந்துவிடுவதில் ஆச்சரியமில்லை. ஊரில் அவருக்கு 'டைம்கீப்பர் சார்' என்று பெயர். சபைக் கமிட்டியில் அவர் விரும்பிக் கேட்டு வாங்கிக்கொண்ட பொறுப்பு ஒன்றே ஒன்று: வருஷா வருஷம் அச்சகத்திலிருந்து வாக்குத்தத்தச் சீட்டுகளை வாங்கிவந்து தட்டில் பரப்புவது.

அவருக்கு ஒரே மகள், ஜெனிலா. நாகர்கோவிலில் ஒரு தனியார் மருத்துவமனையில் நர்ஸ். நவம்பரில் அவளுக்கு அயர்லாந்திலிருந்து வேலைக் கடிதம் வந்தது. ஜனவரி ஐந்துக்குள் பதில் சொல்ல வேண்டும். அவளுக்குப் போக ஆசை. அவருக்கு அனுப்ப மனமில்லை. ஆனால் 'போகாதே' என்று சொல்லவும் வாயில்லை. பிற்காலத்தில் ஒருநாள், 'அப்பா தடுத்ததால்தான்' என்று மகள் சொல்லிவிட்டால் என்ன செய்வது? தடுக்க வேண்டியது கடவுள். அப்பா பக்கத்தில் நின்று எடுத்துக்கொடுத்தால் போதும்.

கடவுள் தடுத்த பிறகு ஆகவேண்டியதையும் அவர் யோசித்துவைத்திருந்தார். வீட்டின் முன்பக்கம் சாலையைப் பார்த்த கடைமுறி ஒன்று உண்டு. அதில் ராகேல் என்ற விதவை பதினோரு வருஷமாகத் தையல் கடை நடத்திவந்தாள். அவளை ஒழியச் சொல்லி இரண்டு வருஷமாக மன்றாடி, கடைசியில் டிசம்பரில்தான், "பதினஞ்சாம் தேதி ஒழிஞ்சு தாறேன் சாரே," என்று வாக்கு வாங்கியிருந்தார். அந்த அறையில் மகளுக்கு ஒரு ஹோம் நர்சிங் அலுவலகம். அவளிடம் கேட்காமலேயே பலகைகூட எழுதியாகிவிட்டது: 'ஜெனிலா ஹோம் நர்சிங்', நீலத்தில் வெள்ளை எழுத்து. பழைய போர்வையில் சுற்றிக் கட்டிலுக்கடியில் கிடந்தது.

கிறிஸ்துமஸுக்கு மறுநாள், மட்டிப்பழம் உரித்துக்கொண்டே பேச்சை எடுத்தார்.

"மோளே, நீ போகணும்னு நான் சொல்லேல்ல. போவாண்டாம்னும் சொல்லேல்ல. புதுவருஷச் சீட்டு என்ன சொல்லுதோ அதுபோல செய்வோம். சம்மதமா?"

ஜெனிலா ஒரு பழத்தை எடுத்துக்கொண்டாள். "சீட்டு போன்னு சொன்னா விடுவியளா?"

"விடுவேன்."

"இருன்னு சொன்னா நானும் இருப்பேன். ஆனா ஒரு சீட்டுதான் அப்பா. ஒட்டிப் பிடிச்சிருக்குன்னு சொல்லப்பிடாது."

"சே! நான் அப்பிடி எப்பமாவது சொல்லியிருக்கேனா?"

அடுக்களையிலிருந்து அவர் மனைவி நேசம்மாளின் குரல் வந்தது. "முப்பது வருஷமா சொல்லுத ஆளு பின்ன யாரு?"

மறுநாள் அவர் மார்த்தாண்டத்திலுள்ள அச்சகத்துக்குப் போனார். வழக்கமான கலப்புச் சீட்டுகள் இருநூறு வாங்கினார். கூடவே, இருக்கும் தேசத்திலேயே நிலைத்திரு என்று பொருள்படும் ஒரே வசனத்தை மட்டும், பெண்கள் தட்டுக்கென்று, நூறு சீட்டு தனியாக அடிக்கச் சொன்னார். இது மோசடியா? அவர் அப்படி நினைக்கவில்லை. வசனம் பொய்யா? இல்லை. சீட்டு எடுக்கப்போகிறவளின் கையைப் பிடித்தாரா? இல்லை. தட்டில் எதைப் பரப்ப வேண்டும் என்று கமிட்டி சட்டம் எதுவும் போட்டிருக்கிறதா? அதுவும் இல்லை. மற்றப் பெண்களுக்கும் அதே வசனம் போகுமே என்றால், இரு என்று சொல்வதில் யாருக்கு என்ன நஷ்டம்? எல்லாரும் எங்கேயோ இருந்துகொண்டுதானே இருக்கிறார்கள்?

திட்டத்தில் ஓட்டையில்லை. இரண்டு ஞாயிற்றுக்கிழமை பின்வரிசையில் உட்கார்ந்து பெண்களை எண்ணியிருந்தார். எழுபத்தெட்டு பேர். பண்டிகைக் கூட்டத்துக்காகப் பத்தைக் கூட்டினாலும் பன்னிரண்டு சீட்டு மிஞ்சும்.

அவர் எண்ணியது சபையில் இருந்த பெண்களை. அரபு நாடுகளில் இருந்த அவர்களுடைய ஆண்களை எண்ணவில்லை.

முதல் தேதி காலை ஆராதனை முடிந்ததும் பெண்கள் வரிசை நகர ஆரம்பித்தது. ஜெனிலா அதில் இல்லை. இரவுப் பணி முடிந்து நாகர்கோவிலில் பேருந்து ஏறிவிட்டதாகச் செய்தி அனுப்பியிருந்தாள். அந்தப் பேருந்து எட்டு நாற்பதுக்கு வர வேண்டும். ஜெபமணி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். ஒன்பதே கால்.

"எனக்கு ஒண்ணு, குவைத்தில அவருக்கு ஒண்ணு, மஸ்கட்டில சின்னவனுக்கு ஒண்ணு," என்று எடுத்துக்கொண்டு போனாள் ஒருத்தி. அடுத்தவள் நாலு எடுத்தாள். அதற்கடுத்தவள், துபாயில் மகனும் மருமகளும் இன்னும் பிறக்காத பேரப்பிள்ளையும் என்று கணக்குச் சொல்லி ஐந்து எடுத்தாள்.

"பிறக்காததுக்கு எதுக்கு இப்பம்?" என்றார் ஜெபமணி.

"மார்ச்சில பிறந்திரும் சாரே. அதுக்கும் வருஷம் உண்டுல்லா?"

தட்டின் அடி தெரிய ஆரம்பித்தது. பேருந்தைக் காணோம். முப்பத்தொரு வருஷம் பேருந்துகளை நேரத்துக்கு அனுப்பிய மனிதர், ஒரு பேருந்துக்காக வாசலையும் தட்டையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டு நின்றார். ஐந்து சீட்டு. நாலு. யாரும் பார்க்காத ஒரு கணத்தில் ஒன்றை எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். மூச்சு வந்தது. மகள் வரட்டும், வெறும் தட்டில் அதை மட்டும் போட்டு நீட்டலாம்.

வரிசையின் கடைசியில் ராகேல் வந்தாள். தட்டு காலி.

"சாரே, எனக்கு இல்லியா?"

"தீந்துபோச்சு ராகேலு. ஆம்பிளைய தட்டில போய் எடு."

பக்கத்தில் எல்லாருக்கும் கைகொடுத்துக்கொண்டிருந்த போதகர் திரும்பினார். நல்ல மனிதர். கண்பார்வையும் நல்லது. "சார், உங்க பாக்கெட்டில ஒண்ணு தெரியுதே. உங்களுக்குன்னு எடுத்து வச்சதா? பாவம், அந்த அம்மாவுக்குக் குடுங்க. நீங்க அங்க ஒண்ணு எடுத்துக்கலாம்."

சபை முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்கையில் ஜெபமணி தன் பையிலிருந்து சீட்டை எடுத்து, தன் கையாலேயே, ராகேலின் கையில் கொடுத்தார். அவள் படித்தாள். மறுபடி படித்தாள். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

அந்த நேரத்தில் ஜெனிலா ஓடி வந்தாள், நெற்றியெல்லாம் வியர்வை. போதகர் ஆண்கள் தட்டைக் காட்டினார். "இங்க எடும்மா. இதுல நெறைய இருக்கு." ஜெபமணி ஏதோ சொல்ல வாயெடுத்தார். அதற்குள் ராகேல், "சாரே, நான் ஒரு காரியம் கேக்கட்டா?" என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். அவர் விடுபட்டுத் திரும்பியபோது மகள் சீட்டும் கையுமாய் எதிரில் நின்றாள்.

"என்ன மோளே இருக்கு?"

காட்டினாள். உன் வீட்டையும் இனத்தையும் விட்டுப் புறப்பட்டுப் போ, கூட வருகிறேன் என்கிற வகையைச் சேர்ந்த வசனம். சந்தேகத்துக்கு இடமே வைக்காமல், அயர்லாந்து என்று ஊர்ப்பெயர் போடாத குறையாக இருந்தது.

ஜெபமணி சீட்டை வாங்கினார். அவருடைய கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் தாமாகவே அதைத் தேய்க்கத் தொடங்கின.

"அப்பா," என்றாள் ஜெனிலா.

விரல்கள் நின்றன.

வாசலில் அதற்குள் ஆரவாரம் கிளம்பியிருந்தது. ஒருத்தியின் சீட்டை இன்னொருத்தி பார்த்து, அவளுடையதை மற்றொருத்தி பார்த்து, எல்லார் கையிலும் ஒரே வசனம்! "ஏட்டி, உனக்கும் இதுதானா?" "எனக்கு, எனக்க மவனுக்கு, மருமவளுக்கு, எல்லாத்துக்கும் இதுதான் பிள்ளே!" அற்புதம் என்றார்கள். சபைப் பெண்கள் எல்லாருக்கும் ஆண்டவர் ஒரே குரலில் பேசிவிட்டார் என்றார்கள். குவைத்திலிருந்து ஒருவர், மார்ச்சில் வேலையை விட்டுவிட்டு வருவதாக இருந்தேனே, அப்படியானால் இங்கேயே இருக்கச் சொல்கிறதா என்று பதறிப்போய்த் தொலைபேசியில் கேட்டார். அவர் மனைவி, எந்த தேசம் என்பதைப் போதகரிடம் கேட்டுச் சொல்வதாகச் சொன்னாள்.

போதகருக்கு ஒரு சின்னச் சந்தேகம் எழாமல் இல்லை. "அச்சகத்தில ஏதாவது தவறு நடந்திருக்குமோ சார்? ஒரு போன் போட்டுக் கேட்டிருவோமா?"

ஆமாம் என்று ஜெபமணி சொல்லியிருக்கலாம். சொன்னால் அற்புதம் போகும், ராகேலின் சீட்டும் செல்லாமல் போகும். ஆனால் போனை எடுக்கும் அச்சகக்காரர், "நீங்கதானே தனியா நூறு அடிக்கச் சொன்னீங்க?" என்று கேட்பார்.

"தவறா? ஆண்டவருக்க காரியத்துல தவறு எப்படி ஐயா வரும்?" என்றார் ஜெபமணி.

அடுத்த ஞாயிறு அதைப் பற்றி ஒரு மணிநேரப் பிரசங்கம் நடந்தது. முன்வரிசையில் உட்கார்ந்து முழுவதையும் அவர் கேட்க வேண்டியிருந்தது.

பதினைந்தாம் தேதி வந்தது. ராகேல் ஒழியவில்லை. அவளுடைய சீட்டு, கண்ணாடி போட்டு, தையல் மெஷினுக்கு மேலே சுவரில் தொங்கியது.

"நான் சாமானெல்லாம் கெட்டி வச்சிருந்தேன் சாரே," என்றாள். "அடுத்த ரோட்டுல கடை பாத்து அட்வான்ஸும் குடுத்தாச்சு. ஆனா ஆண்டவரு இருன்னு சொல்லும்போ நான் போனா அது கீழ்ப்படியாமை இல்லியா? அதும் யாரு கையால சொன்னாரு? உங்க கையால."

இந்த இடத்தில் நின்று கொஞ்சம் யோசிக்கலாம். தற்செயல் என்று நாம் சொல்வது பெரும்பாலும் நாம் எண்ண மறந்த ஆட்களின் கூட்டம்தான். ஜெபமணி குவைத்தை எண்ணியிருந்தால் எல்லாம் சரியாக நடந்திருக்கும் என்று நீங்கள் சொல்லக்கூடும். எனக்கு அந்த நிச்சயம் இல்லை. குவைத்தை எண்ணியிருந்தால் வேறொன்றை மறந்திருப்பார். எண்ண வேண்டியவை, எண்ணுகிறவரின் விரல்களைவிட எப்போதும் சில அதிகமாகவே இருக்கின்றன. அவரைப் பற்றி நல்லதாக ஒன்று சொல்ல வேண்டுமென்றால், மகளிடம் சொன்ன வாக்கைக் காப்பாற்றினார். பாராட்ட எனக்குக் கிடைத்தது அவ்வளவுதான்.

பிப்ரவரியில் திருவனந்தபுரம் விமான நிலையத்தில் ஜெனிலாவின் பெட்டியை மூன்று முறை தூக்கி எடை பார்த்தார். பதினேழாவது வரிசை கிடைத்தால் மாற்றிக் கேட்கச் சொன்னார். ஒன்றும் ஏழும் எட்டு. அவள் உள்ளே போகும்போது, "மோளே," என்று கூப்பிட்டார். திரும்பினாள். அடுத்து என்ன சொல்வது என்று மட்டும் அவர் ஏற்பாடு செய்து வைத்திருக்கவில்லை. கையை அசைத்தார்.

திரும்பும் வழியில், கார் களியக்காவிளையைத் தாண்டும்போது, நேசம்மாள் வாயைத் திறந்தாள்.

"ஒரு காரியம் சொல்லுதேன், கோவிக்கப்பிடாது. அன்னைக்கு அவ மொதல்ல எடுத்த சீட்டு வேற."

"எது வேற?"

"இருன்னு உள்ளதுதான். உங்களுக்க அந்த வசனந்தான். ஆம்பிளைய தட்டில உள்ள கலப்புச் சீட்டுல அதும் ஒண்ணு கெடந்திருக்கும் போல. தேச்சுப் பாத்துட்டு திரும்பப் போட்டுட்டா."

ஜெபமணி அப்படியே திரும்பி உட்கார்ந்தார். "நீ பாத்தியா?"

"பின்னால நான்தானே நின்னேன்."

"பாத்துட்டு ஏன்டி ஒண்ணும் சொல்லேல்ல?"

"ரெண்டு ஒட்டிப் பிடிச்சிருக்குன்னு சொன்னா. நம்பினேன். முப்பது வருஷமா உங்களையும் நம்புதேன்லா?"

யோசித்துப் பாருங்கள். யாரும் கைவைக்காத தட்டிலிருந்து, யாரும் ஏற்பாடு செய்யாத ஒரு சீட்டு, அவர் கேட்டதைக் கேட்டபடியே கொடுத்திருக்கிறது. நூறு சீட்டு அச்சடித்தும் வாங்க முடியாததை ஒரே சீட்டு சும்மா நீட்டியிருக்கிறது. அதைத் திரும்பத் தட்டில் போட்டது யார்? அவர் வளர்த்த விரல்கள்.

குழித்துறைப் பாலத்தில் கார் ஏறியபோது அவர் முகத்தில் ஒரு சிரிப்பு மெல்லத் தெரிந்தது. "எனக்க மவ இல்லியா," என்றார். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, துண்டால் முகத்தைத் துடைத்தார்.

போக வேண்டியவள் முன் அறையில் இருந்து தைக்கிறாள். இருக்க வேண்டியவள் வாரம் இரண்டு முறை போனில் கூப்பிடுகிறாள். கட்டிலுக்கடியில் கிடந்த பலகையை ராகேல் கேட்டு வாங்கிக்கொண்டாள். நல்ல அகலம், பின்பக்கம் வழவழப்பு. துணி வெட்ட வசதியாக இருக்கிறதாம்.

ஜெபமணியைப் பார்த்து நீங்கள் சிரித்துக்கொண்டிருப்பீர்கள். சிரியுங்கள். நாணயத்தைச் சுண்டிவிட்டு, விழுந்த பக்கம் பிடிக்காமல், "சரி, மூணுல ரெண்டு," என்று சொன்னது நீங்கள் இல்லைதான். ஒரு நாளிதழில் ராசிபலன் கசந்ததும் பக்கத்து மேசைக்காரரின் நாளிதழை எட்டிப் பார்த்ததும் நீங்கள் இல்லை. இருந்தாலும் அடுத்த ஜனவரி முதல் தேதி, அது எந்தத் தட்டாக இருந்தாலும், அதன் முன்னால் நிற்கும்போது உங்கள் கட்டைவிரலை ஒருமுறை கவனியுங்கள். அது தேய்க்க ஆரம்பித்தால் பயப்பட வேண்டாம். பின்னால் நிற்பவர் ஒன்றும் சொல்லமாட்டார். அவருக்கு அதற்கு நேரமில்லை. நீங்கள் திரும்பப் போடும் சீட்டு எங்கே விழுகிறது என்று கண்கொட்டாமல் பார்த்துக்கொண்டிருக்கிறார், அது தன் கைக்கு வந்துவிடாமல் இருக்க.